கொலைக்கு முந்தைய சொல்

சிலப்பதிகாரத்தைக் காப்பியமாகப் படித்துச் சுவைத்தவர் நம்மிற் பலர். அதன் நடுவே நிகழும் கொலையை, ஒரு கொலை எவ்வாறு உருவாகிறது என்னும் நோக்கிற் படித்தவர் மிகச் சிலரே. கொலைக்களக் காதையை அந்நோக்கில் ஒருமுறை மீண்டும் படிக்குமாறு நம் அன்பர்களைக் கேட்டுக்கொள்கின்றோம். பொற்கொல்லன் தன் களவை மறைக்க ஒரு பொய்யைச் சொல்கிறான். அரசியின் ஊடலால் உள்ளம் அலைவுற்றிருந்த பாண்டியன் ஆராயாது ஓர் ஆணையை விடுக்கிறான். ஊர்காப்பாளர் வருகின்றனர், கோவலனைக் காண்கின்றனர், இவன் கொலைக்குரியவனாகத் தோன்றவில்லையே என்று தயங்குகின்றனர். அத்தயக்கத்தில் ஓர் உயிர் பிழைத்திருக்கக் கூடும். பொற்கொல்லன் விடவில்லை. கள்வர் நூல் கூறும் வகைகளை அடுக்கி, அவர்தம் ஐயத்தை எள்ளி நகையாடுகிறான். காவல் இளைஞன் ஒருவன் தான் முன்பு கண்ட கள்வனொருவனின் கதையைச் சொல்லி அச்சத்தை வளர்க்கிறான். அந்த இடையிலே கல்லாத கட்குடியன் ஒருவன் வாளை வீசிவிடுகிறான்.

வாளை வீசியவன் ஒருவனே. அவன் பெயரைக்கூட இளங்கோவடிகள் சொல்லவில்லை. சொல்லத் தேவையில்லை என்று கருதினார் போலும்! ஆனால் அக்கொலைக்கு உரியவர் எத்துணைப் பேர் என எண்ணத் தொடங்கினால், பொய் கூறியவன், ஆராயாது ஆணையிட்டவன், தயங்கியும் தடுக்காது நின்றவர், தயங்கியவரை நகையாடியவன், குடித்திருந்தவன் என்று வரிசை நீள்கிறது. இற்றைக் குற்றவியலும் உளவியலும் பல பொத்தகங்களில் விரித்துரைப்பனவற்றை அவ்வொரு காதை தன்னுள் அடக்கி வைத்திருக்கிறது.

இத்திங்கள் இப்பொருளை எடுத்துக்கொண்டமைக்குக் கரணியம் உண்டு. சாதி மாறி மணப்போரைக் கொல்லும் கொடுமையைத் தடுக்கத் தனிச் சட்டம் இயற்றுவது பற்றிப் பரிந்துரைக்க, ஓய்வுபெற்ற உயர்முறைமன்ற நடுவர் கே. என். பாசா தலைமையில் ஆணையம் அமைக்கப்படும் என 2025 அத்தோபரில் தமிழகச் சட்டப்பேரவையில் முதலமைச்சர் அறிவித்தார். சட்டம் வேண்டும் என்பாரும், இருக்கும் சட்டமே போதும் என்பாரும் அன்று தொட்டுப் பேசி வருகின்றனர். கொலை எப்படி விளைகிறது என்று அறியாமல் அதைத் தடுக்கும் சட்டத்தைப் பற்றிப் பேசுவது, நோயின் வேரை அறியாது மருந்து கொடுப்பது போன்றதே.

முதலில் ஒரு பழம்பொய்யைக் களைந்துவிட வேண்டும். கொலைஞன் கொலைஞனாகவே பிறக்கிறான் என்பது அப்பொய். இத்தாலி நாட்டு மருத்துவர் செசாரே இலாம்புரோசோ என்பார் 1876-இல் எழுதிய நூலில், மண்டையோட்டின் அமைப்பையும் தாடையின் பருமையையும் கொண்டு பிறவிக் குற்றவாளியை அடையாளங் காணலாம் என்றார். அறிவியலார் பின்னர் அக்கொள்கையைக் கைவிட்டனர். ஆனால் அதற்கு ஈடான எண்ணத்தை வெள்ளையன் இந்நாட்டில் அதற்கு முன்பே சட்டமாக்கி வைத்திருந்தான். குற்றப்பரம்பரைச் சட்டம் என்று வழங்கும் 1871-ஆம் ஆண்டுச் சட்டம், ஒரு குடியிற் பிறந்தமையையே குற்றமாக்கிற்று. 1911-இல் அது சென்னை மாகாணத்திற்கும் நீட்டப்பட்டது. கைரேகைப் பதிவை எதிர்த்து நின்ற பெருங்காமநல்லூர் மக்கள்மீது 1920 ஏப்பிரல் 3-ஆம் நாள் காவலர் சுட்டதில் பதினாறு பேர்க்குக் குறையாமல் மாண்டனர். பிறப்பிலேயே குற்றவாளி உண்டு என்னும் கொள்கை செய்த கொலைகள் அவை. பிறப்பால் உயர்வு தாழ்வு என்பதும் பிறப்பால் குற்றம் என்பதும் ஒரு வித்தின் இரு முளைகள். ஒன்றைச் சாடி மற்றொன்றைப் போற்றுவோர் நம்மிடையே இருக்கின்றனர் என்பதை இங்கே குறித்துவிட்டு மேலே செல்கின்றோம்.

கொலை மாந்தனின் மாறாப் பிறவியியல்பாயின், அது நூற்றாண்டுக்கு நூற்றாண்டு ஒரே அளவில் இருத்தல் வேண்டும். அவ்வாறு இல்லை. ஐரோப்பாவின் பழைய வழக்கேடுகளை ஆராய்ந்த வரலாற்றாசிரியர், நடுக்காலத்தில் நூறாயிரவர்க்கு ஆண்டுதோறும் இருபதின்மர்க்கு மேல் கொல்லப்பட்டனர் என்றும், இருபதாம் நூற்றாண்டின் நடுவில் மேலை ஐரோப்பாவில் அது ஒன்றளவாகக் குறைந்தது என்றும் காட்டியுள்ளனர். அங்குள்ளவர் குருதி மாறிவிடவில்லை. பழிக்குப் பழி வாங்கும் வழக்கம் ஒழிந்து, வழக்கை மன்றத்துக்குக் கொண்டுசெல்லும் பழக்கம் வேரூன்றியது. படைக்கருவியோடு ஊரிற் திரிவது இழிவெனக் கருதப்பட்டது. குறைக்கக் கூடியது கொலை என்பதற்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை.

ஒன்றிய நாடுகள் அவையின் கணக்குப்படி 2021-ஆம் ஆண்டில் உலகெங்கும் ஏறத்தாழ 4 இலக்கத்து 58 ஆயிரம் பேர் கொலையுண்டனர். போர்களிலும் வன்முறைக் குழுக்களாலும் இறந்தோரைக் கூட்டினாலும் இத்தொகைக்குக் குறைவே. இந்தியாவில் 2022-இல் பதிவான கொலை வழக்குகள் 28,522, நாளொன்றுக்கு எழுபத்தெட்டு. இவற்றுட் பெருந்தொகை எதனால் நிகழ்ந்தது? கொள்ளையாலா? பொருளாசையால் நிகழ்ந்தவை என்று பதியப்பட்டவை 1,884 மட்டுமே. பூசல்களால் நிகழ்ந்தவை 9,962. தனிப்பகையால் நிகழ்ந்தவை 3,761. முகமறியாத கள்வன் இருட்டில் வந்து கொல்வான் என்று அஞ்சிக் கதவைத் தாழிடுகின்றோம். தாழிட்ட கதவுக்கு உள்ளேயும், வரப்புக்கு அப்பாலும், ஒரே தெருவிலும் இருப்போரே பெரும்பாலும் கொல்கின்றனர். பெண்களின் நிலை இன்னும் கொடிது. 2023-இல் உலகெங்கும் ஏறத்தாழ 51,100 பெண்களும் சிறுமியரும் கணவராலோ துணைவராலோ குடும்பத்தினராலோ கொல்லப்பட்டனர். நாளொன்றுக்கு நூற்று நாற்பதின்மர்! பெண்ணுக்குப் பாதுகாப்பு வீடே என்று மேடையில் முழங்குவோர் இவ்வெண்ணை மனத்திற் கொள்க.

சிறு பூசல் எவ்வாறு கொலையாக முடிகிறது? இதனை முறையாக ஆராய்ந்த முன்னோடி மார்வின் உல்பகாங்கு என்னும் அமெரிக்கர். பிலடெல்பியா நகரில் 1948 முதல் 1952 வரை நிகழ்ந்த 588 கொலைகளின் காவல்துறை ஏடுகளைப் புரட்டி 1958-இல் ஒரு நூல் வெளியிட்டார். மூன்றில் ஒரு பங்குக்கு மேற்பட்டவற்றின் தொடக்கம், பிறர்க்குச் சொன்னால் சிரிக்கத்தக்க அற்பப் பூசல்: ஒரு வசைச்சொல், ஓர் இடிப்பு, ஓர் எள்ளல். ஏறத்தாழ மூன்றில் இரு பங்கு நிகழ்ச்சிகளில் கொன்றவனோ கொல்லப்பட்டவனோ இருவருமோ குடித்திருந்தனர். கோவலனைக் கொன்ற கட்குடியனை நம் அடிகள் எத்துணை நுட்பமாக நிறுத்தியிருக்கிறார் என்பது இப்பொழுது விளங்கும். தமிழகத்தில் 2003-ஆம் ஆண்டின் இறுதி தொட்டுச் சில்லறைச் சாராயக் கடைகளை அரசே நடத்துகிறது. குடியை விற்ற கையே கொலை வழக்கையும் பதிவு செய்கிறது. இதனைப் பற்றி நாம் பலமுறை எழுதிவிட்டமையால் இங்கு விரிக்கவில்லை.

அற்பப் பூசல் என்று ஊரார் சொல்லலாம். அதில் அகப்பட்டவனுக்கு அது அற்பம் அன்று. அமெரிக்காவின் மாசச்சூசெட்சு மாநிலச் சிறைகளில் நெடுங்காலம் உளமருத்துவராய்ப் பணியாற்றிய சேம்சு கில்லிகன், கொலைஞர் பலரோடு நேரிற் பழகி, 1996-இல் வன்முறை பற்றி ஒரு நூல் எழுதினார். அவர் கண்ட வேர், இழிவுணர்ச்சி. தான் மதிக்கப்படவில்லை, எள்ளப்பட்டேன், சிறுமைப்பட்டேன் என்னும் உணர்ச்சி ஒருவனைத் தின்கிறது. அது மிகச் சிறிய ஒன்றினால் வந்தது என்பதே அவனுக்கு மேலும் நாணமாக இருப்பதால் வெளியே சொல்லவும் மாட்டான். அவ்விழிவைப் போக்கிக்கொள்ள வன்முறையல்லாத வழி எதுவும் தனக்கு இல்லை என்று எண்ணுகிறான். எதிரிலிருப்பவன்மீது அன்போ, தன் செயல்மீது குற்றவுணர்வோ அந்நேரத்தில் அவனைத் தடுக்கவில்லை. இவை ஒருங்கே கூடும்போது கொலை நிகழ்கிறது. இழிவுற்றோர் அனைவரும் கொல்வதில்லை. வழியடைபட்ட இழிவே கொல்கிறது என்பது அவர் ஆய்வின் சாரம்.

திருவள்ளுவர் வெகுளாமை, இன்னாசெய்யாமை, கொல்லாமை என்று 31, 32, 33-ஆம் அதிகாரங்களை அடுத்தடுத்து வைத்தார். சினம் தீங்காகித் தீங்கு கொலையாகும் படிவரிசையை அறிந்து வைத்த முறையாகவே எமக்கு அது தோன்றுகிறது. மானம் என்னும் 97-ஆம் அதிகாரத்தையும் நாணுடைமை என்னும் 102-ஆம் அதிகாரத்தையும் உடன்வைத்துப் படிக்க வேண்டும். மானத்தின் பொருட்டுப் பிறனைக் கொல் என்று அப்பத்துக் குறள்களில் ஒன்றேனும் சொல்கிறதா என்று தேடிப் பாருங்கள். இல்லை. அங்கே பேசப்படுவது தான் இழிசெயல் செய்யாமை. தன்னைத் தான் காத்தல். நாண் என்பதும் தன் பழிச்செயலுக்குத் தான் கூசுவதே. மகள் தன் விருப்பப்படி ஒருவனை மணந்தால் தந்தைக்கு மானம் போயிற்று என்று கூறும் மானம் வள்ளுவத்தில் இல்லை. கழக நூல்களிலும் இல்லை. களவும் கற்பும் என்று காதலையே இலக்கணமாக வகுத்த மக்கள் நாம்! உடன்போக்கு நம் அகப்பாட்டில் ஒரு துறை. மகள் உடன்போன செய்தி கேட்ட செவிலித்தாய் பாலைவழியே தேடிப் போகிறாள். அவளுக்கு எதிர்வருவோர், அது முறையே, நீ திரும்பிப் போ என்று அவளைத் தேற்றுகின்றனர். தேடிப் போன தாயைத் தேற்றி அனுப்பிய இனம், இன்று தேடிப் போவோர் கையில் அரிவாளைக் கொடுத்து அனுப்புகிறது.

இவ்விடத்தில் ஒரு சொல்லைப் பற்றிச் சொல்லியே ஆகவேண்டும். அண்மைக்காலம் வரை நம் தாளிகைகள் இக்கொலைகளைக் ‘கௌரவக் கொலை’ என்று எழுதின. ஆங்கிலத்திலிருந்து கண்ணை மூடிக்கொண்டு பெயர்த்து, அதற்கு வடசொல்லையும் பூட்டிய பெயர் அது. கொலைக்கு மேன்மையை அடைமொழியாக்கும் பெயரைப் படித்த ஒருவன், தான் செய்தது ஏதோ பெருமைக்குரியது என்றல்லவா எண்ணுவான்? ‘ஆணவக் கொலை’ என்னும் சொல் வழக்கிற்கு வந்தபின் அம்மேன்மை கழன்றது. இன்று ஆங்கிலத் தாளிகைகள்கூட அப்பழைய சொல்லை மேற்கோட் குறிக்குள் இட்டு எழுதுகின்றன. தனித்தமிழ் எதற்கு, சொல்லில் என்ன இருக்கிறது என்று நம்மைக் கேட்போர்க்கு இதனைக் காட்டுக. ஆயினும் சொல்லை மாற்றிவிட்டோம் என்று அமைந்துவிடவும் கூடாது. நடுவண் அரசின் ஏட்டில் இவ்வகைக் கொலைகள் நாடு முழுமைக்கும் 2021-இல் 33 என்றே பதியப்பட்டுள்ளன. தற்கொலை என்றும், குடும்பப் பூசல் என்றும், அடையாளம் தெரியாத பிணம் என்றும் எழுதப்பட்டுப் புதையுண்டவற்றின் எண்ணிக்கை எந்த ஏட்டில் இருக்கிறது?

‘திடீரென்று சினம் வந்தது, செய்துவிட்டான்’ என்று இக்கொலைகளுக்கு ஞாயம் கூறுவோர் உளர். சட்டமும் சினத்திற்கு ஓரளவு இடம் கொடுத்திருக்கிறது. கடுமையானதும் திடீரென்றதுமான தூண்டுதலால் தன்னடக்கத்தை இழந்தவன் செய்த கொலை, முழுக் கொலைக் குற்றமாகாது என்பது 1860-ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டம் தொட்டு வரும் விலக்கு. ஆனால் அதற்கு அளவுண்டு. பம்பாய்க் கடற்படை அதிகாரி ஒருவர்மீதான வழக்கில், செய்தி கேட்டதற்கும் சுட்டதற்கும் இடையே ஏறத்தாழ மூன்று மணிநேரம் இருந்தது. உள்ளம் தணிய அது போதும் என்று தில்லித் தலைமை முறைமன்றம் 1961-இல் அவ்விலக்கை மறுத்தது. மூன்று மணிநேரத்தையே ஏலாத சட்டம் இது. உடுமலைப்பேட்டையில் 2016 மார்ச்சு 13-ஆம் நாள் நடுப்பகலில், பேருந்து நிலையத்தருகே, மக்கள் பார்த்துக்கொண்டிருக்க இளைஞர் ஒருவர் வெட்டிக் கொல்லப்பட்டாரே, அவர் மணந்து எட்டுத் திங்கள் ஆகியிருந்தன. விருத்தாசலத்தை அடுத்த புதுக்கூரைப்பேட்டையில் 2003 சூலை 8-ஆம் நாள் இளம் இணையர் இருவர் நஞ்சூட்டப்பட்டு எரிக்கப்பட்டபோது, அவர்கள் மணத்தைப் பதிவு செய்து இரண்டு திங்கள் கடந்திருந்தன. எட்டுத் திங்களும் இரண்டு திங்களும் எரியும் சினம் எதனால் எரிகிறது? தீ தானே எரியாது. யாரோ விறகிட வேண்டும்.

அவ்விறகை நாம் எல்லாரும் அறிவோம். கடைத்திண்ணையில் ஒருவன் கேட்கிறான்: ‘உன் வீட்டுப் பிள்ளை இப்போது எங்கே இருக்கிறது?’ கேட்டவனுக்கு விடை முன்பே தெரியும். ஊர்த்திருவிழாவில் தலைக்கட்டு வரி வாங்க மறுக்கின்றனர். பங்காளி வீட்டு மணத்திற்கு அழைப்பு வருவதில்லை. தம்பியின் பெண்ணுக்கு வந்த இடம் தட்டிப் போனபோது, அதற்கு யார் பொறுப்பு என்று மெல்லச் சொல்லிப் போகின்றனர். ‘ஆண்பிள்ளை இருந்தும் என்ன பயன்?’ என்று ஒரு கிழவி சொல்கிறாள்; அவள் சொல்லிவிட்டு உறங்கப் போய்விடுகிறாள். சொல் உறங்குவதில்லை. கில்லிகன் சொன்ன வழியடைபட்ட இழிவு இவ்வாறு ஊர்கூடிக் கட்டப்படுகிறது. கொலை நிகழ்ந்தபின் சிறைக்குச் செல்பவர் சிலர். வழக்கேட்டில் பெயரே இல்லாமல் வீட்டில் இருப்பவர் பலர். பொற்கொல்லனின் நகைப்புக்கு அன்றும் வழக்கில்லை, இன்றும் வழக்கில்லை.

ஒறுப்பு எப்படி இருந்தது என்பதையும் பார்ப்போம். புதுக்கூரைப்பேட்டை வழக்கில் கடலூர் முறைமன்றம் பதின்மூவரைக் குற்றவாளிகள் எனத் தீர்ப்பளித்தது 2021 செப்தம்பரில். கொலை நிகழ்ந்து பதினெட்டு ஆண்டுகள்! அப்பதின்மூவருள் இருவர் காவல்துறையினர் என்பதையும் மறத்தலாகாது. அங்கு ஒருவர்க்கு விதித்த தூக்கை உயர்முறைமன்றம் 2022-இல் வாழ்நாள் சிறையாக்கியது; தில்லி முறைமன்றம் 2025 ஏப்பிரலில் தீர்ப்பை உறுதி செய்தது. உடுமலை வழக்கில் 2017-இல் அறுவர்க்குத் தூக்கு விதிக்கப்பட்டது. 2020-இல் உயர்முறைமன்றம் பெண்ணின் தந்தையை விடுவித்து, ஐவர்க்கு வாழ்நாள் சிறை என மாற்றியது. தூக்குக் கயிறு கொலையைத் தடுக்கும் என்று நாம் நம்பவில்லை. செங்கோன்மை அதிகாரத்தின் இறுதிக் குறளைக் காட்டி எம்மை மறுப்பாரை அறிவோம். களைபிடுங்கும் உழவன் களை முளைத்துப் பதினெட்டு ஆண்டு கழித்தா வயலில் இறங்குகிறான் என்பதே அவர்க்கு எம் வினா. ஒறுப்பு கடுமையாக இருப்பதைவிடத் தப்பாது வருவதும் விரைந்து வருவதுமே கொல்லத் துணிவானைத் தயங்க வைக்கும்.

இனி, கொலையைத் தடுத்தல் பற்றிப் பேசுவோம். இதற்கும் நம் நூல்களிலேயே முன்மாதிரி இருக்கிறது. புறநானூற்றின் 46-ஆம் பாட்டு நிகழ்ந்த களத்தை நினைத்துப் பாருங்கள். சோழன் கிள்ளிவளவன் தன் பகைவன் மலையமானின் இளம் மக்களை யானைக்காலில் இடப் பணித்துவிட்டான். யானை நிற்கிறது, மன்றம் நிறைந்திருக்கிறது, ஒருவரும் வாய் திறக்கவில்லை. கோவூர்கிழார் எழுகிறார். அரசனைக் கொடியவன் என்று அவர் ஏசவில்லை. ஒரு புறாவின் துயரைப் போக்கிய மரபில் வந்தவன் நீ என்று அவன் பெருமையை அவனுக்கே நினைவூட்டினார். இவர்களோ புலவர்க்குப் பகுத்துண்ணும் குடியிற் பிறந்தவர் என்றார். யானையைக் கண்டு முதலில் அழுத பிள்ளைகள், அழுகையை மறந்து இந்தப் புதிய மன்றத்தை மருண்டு நோக்குகின்றனர் என்று காட்டினார். கேட்டாயாயின், பின் உனக்கு விருப்பமானதைச் செய் என்று முடித்தார். பிள்ளைகள் பிழைத்தனர்.

இதன் உளவியலை நுணுகிப் பாருங்கள். அரசனை மன்றத்தில் இழிவுபடுத்தியிருந்தால் அவன் தன் ஆணையைப் பிடிவாதமாக நிறைவேற்றியிருப்பான். கோவூர்கிழார் அவனுக்கு ஒரு வழியைத் திறந்துவிட்டார். பெருமையோடு பின்வாங்கும் வழி. அடைபட்ட வழி திறந்தது, கொலை நின்றது. பகைவன் மக்களைப் ‘பகைவன் மக்கள்’ என்னும் பெயரிலிருந்து பிரித்து, மருளும் சிறுவராகக் காட்டினார், அன்பு எழுந்தது. இழிவைப் போக்குதல், அன்பை எழுப்புதல் என்னும் இரண்டையும் ஒரு சிறு பாட்டிற் செய்தார். கோப்பெருஞ்சோழன் தன் மக்கள்மீதே படையெடுத்தபோது, வென்றால் உன் செல்வத்தை யார்க்கு விட்டுச் செல்வாய் என்று புல்லாற்றூர் எயிற்றியனார் கேட்டு நிறுத்தியதும் இத்தகையதே. தந்தைக்கும் மக்களுக்கும் இடைப்பட்ட கொலைவெறியைப் புலவர் ஒருவர் தணித்த வரலாறு நம்மிடம் இருக்கிறது. அவ்விடத்தில் இன்று யார் நிற்கின்றனர்? புலவர் பட்டம் பெற்றோர் ஆயிரவர் உளர்; ஊர்க்கூட்டத்தில் எழுந்து நின்று பேசியவர் எத்துணைப் பேர்?

நம் இயக்கத்தாரைப் பற்றியே சொல்ல வேண்டும். மணவிழாவிற்கு நம்மை வாழ்த்துரைக்க அழைக்கின்றனர். அழைப்பிதழில் ஒரு வடவெழுத்து இராது. மணமக்கள் பெயர் தூய தமிழாய் இருக்கும். தாலிக்கு விளக்கம், விளக்கேற்றுவதற்கு விளக்கம் எல்லாம் உண்டு. மணமக்கள் இருவரும் ஒரே சாதி என்பதை அழைப்பிதழ் சொல்லாது. பந்தலில் அமர்ந்திருக்கும் முகங்கள் சொல்லும். நாமும் வாழ்த்திவிட்டு வருகின்றோம். தமிழரெல்லாம் ஓரினம் என்று மேடையிற் பேசிவிட்டு, மகளுக்கு மாப்பிள்ளை தேடும்போது மட்டும் அவ்வினத்தைச் சிறு துண்டாய் நறுக்கிக்கொள்ளும் தனித்தமிழ் என்ன தனித்தமிழ்?

பள்ளியிலிருந்தே தொடங்க வேண்டியது இது. 2023 ஆகத்தில் நாங்குநேரியில் பதினேழு அகவை மாணவர் ஒருவரையும் அவர் தங்கையையும் உடன்படித்த மாணவரே வீடு புகுந்து அரிவாளால் வெட்டினர். உயிர் பிழைத்தது நற்பேறு. அதன்பின் ஓய்வுபெற்ற நடுவர் சந்துரு தலைமையிலான ஒருவர் குழு 2024 சூனில் அறிக்கை தந்தது. மணிக்கட்டில் சாதிக்கொரு நிறமாகக் கட்டும் கயிற்றைத் தடை செய்க, பள்ளிப் பெயர்களில் உள்ள சாதிப் பெயரை நீக்குக என்பன அதன் பரிந்துரைகளுட் சில. கயிற்றை அறுப்பதா என்று சிலர் கொதித்தனர். பதினான்கு அகவைப் பிள்ளையின் கையில் அக்கயிற்றைக் கட்டியவர் யார், எந்த நாளில், என்ன சொல்லிக் கட்டினார் என்று உசாவினால், கொலையின் முதற்சொல் எங்கே பிறக்கிறது என்பது தெரிந்துவிடும். வகுப்பறையில் வருகைப் பதிவு எடுக்கும்போது கயிற்றின் நிறத்தைக் காணாதவர்போல் இருக்கும் ஆசிரியர், தயங்கியும் தடுக்காத ஊர்காப்பாளரே ஆவர்.

சட்டத்திற்கு வருவோம். 2024 சூலை முதல் நாள் தொட்டுப் பழைய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் புதியது வந்திருக்கிறது. அதன் பெயர் ‘பாரதிய நியாய சன்கிதா’. நம்மை ஒறுக்கும் சட்டத்தின் பெயரைக்கூட நம் நாவால் சொல்ல முடியாதபடி வடமொழியில் வைத்திருக்கின்றனர். அச்சட்டத்தின் 103-ஆம் பிரிவில் புதிய உட்பிரிவு ஒன்று உள்ளது: ஐவரோ அதற்கு மேற்பட்டவரோ கூடி, இனம், சாதி, மொழி முதலியவற்றின் பொருட்டுக் கொலை செய்தால் ஒவ்வொருவர்க்கும் தூக்கோ வாழ்நாள் சிறையோ உண்டு. சாதியின் பெயரால் நிகழும் கொலையைச் சட்டம் பெயர் சொல்லிக் குறித்தது நன்றே. ஆனால் தந்தையும் தமையனும் இருவராய்ச் செய்தால்? அது வெறுங் கொலை. அதற்கு முன் திங்கட் கணக்கில் மிரட்டியவர், ஊர்விலக்கு வைத்தவர், கூட்டம் கூட்டி மணத்தைப் பழித்தவர் எவரையும் அப்பிரிவு தொடுவதில்லை. மணத்தை எதிர்த்துக் கூட்டம் கூடுவதையே குற்றமாக்கும் சட்ட வரைவை நடுவண் சட்ட ஆணையம் தன் 242-ஆம் அறிக்கையில் 2012-லேயே தந்தது. இராசத்தான் சட்டப்பேரவை 2019-இல் அத்தகைய சட்டமுன்வரைவை நிறைவேற்றியது. பெரியார் பிறந்த மண் என்று பெருமை பேசும் தமிழகம் அதற்குப் பின்னும் பல ஆண்டுகள் வாளாவிருந்தது. தனிச் சட்டம் வேண்டும் என்பதே எம் நிலைப்பாடு. அது கொலைக்குப் பிந்தைய ஒறுப்பை மட்டும் கூட்டுவதாக அமையாமல், கொலைக்கு முந்தைய சொல்லையும் மிரட்டலையும் ஊர்விலக்கையும் குற்றமாக்க வேண்டும் என்பதே எம் வேண்டுகோள்.

மணம் செய்துகொள்ளும் முறையிலும் உயிர்க்காப்பு இருக்கிறது என்பதைப் பலர் அறியார். 1954-ஆம் ஆண்டுத் தனித் திருமணச் சட்டப்படி மணப்போர் முப்பது நாள் முன்னறிவிப்புத் தர வேண்டும்; அது பதிவு அலுவலகத்தில் ஒட்டப்படும். காதலித்தோரின் பெயரையும் முகவரியையும் கொலைஞனுக்குக் காட்டிக்கொடுக்கும் முப்பது நாள் அது. ஆனால் அண்ணா முதலமைச்சராய் இருந்த 1967-இல் தன்மான மணத்திற்கு (சுயமரியாதைத் திருமணத்திற்கு) நம் மாநிலம் சட்ட ஏற்பு வழங்கியது. அதற்கு முன்னறிவிப்பு வேண்டா. பெருங்கூட்டம் கூட்டிச் செய்ய வேண்டுவதும் இல்லை என்று தில்லித் தலைமை முறைமன்றம் 2023-இல் தெளிவாக்கியது. அச்சுறுத்தலுக்கு ஆளான இளையோர் இதனை அறிந்திருக்க வேண்டும்; அறிவிக்க வேண்டியவர் நாம்.

சாதி மாறி மணந்தோர்க்கு ஒவ்வொரு மாவட்டத்திலும் காவல் கண்காணிப்பாளர், மாவட்டக் குமுகநல அலுவலர், ஆதிதிராவிடர் நல அலுவலர் ஆகியோரைக் கொண்ட தனிப்பிரிவும், இருபத்துநான்கு மணிநேரத் தொலைபேசி எண்ணும் இருக்க வேண்டும் என்று சென்னை உயர்முறைமன்றம் 2016-இல் ஆணையிட்டது. தில்லித் தலைமை முறைமன்றமும் 2018 மார்ச்சில், தனிப்பிரிவோடு பாதுகாப்பு இல்லங்களும் வேண்டும் என்றது. ஓடிவரும் இணையர்க்கு நள்ளிரவில் அந்த எண் தெரிந்திருந்தால் உயிர் பிழைக்கும். ஆணை ஏட்டில் மட்டும் இருந்தால் பிழைக்காது. எனவே அன்பர்கள் தத்தம் மாவட்டத் தலைநகருக்குச் சென்று, அத்தனிப்பிரிவு எந்த அலுவலகத்தில் இயங்குகிறது, அதன் எண் எது, அழைத்தால் எடுக்கின்றனரா, தங்குவதற்கு இல்லம் உண்டா என்று நேரில் உசாவி இத்திங்கள் இறுதிக்குள் எமக்கு எழுதுக. விடை கிடைத்த மாவட்டங்களை எண்ணோடும், விடை கிடைக்காத மாவட்டங்களைப் பெயரோடும் அடுத்த இதழின் அட்டையிலேயே வெளியிடுகின்றோம்.